கேட்கப்படாத மறுமொழி

2011ஆம் ஆண்டின் இறுதி நாட்கள். கும்மிடிப்பூண்டியிலிருந்து சென்னை நோக்கிச் செல்லும் மாலை நேர மின்சார ரயிலில் நாம் அமர்ந்திருந்தோம். சிப்காட் தொழிற்பேட்டையில் வேலை முடித்துத் திரும்பிய இளைஞர் சிலர் 'கொலவெறி' பாடலைக் கைத்தாளத்துடன் பாடினர். நம் விரல்களும் தாளமிட்டன.

தனுஷ் எழுதிப் பாட, அனிருத் இசையமைத்த அந்தக் காதல் தோல்விப் பாடல் அவ்வாண்டு நவம்பர் 16 அன்று வெளியாகி, சில வாரங்களிலேயே உலகைச் சுற்றி வந்தது. டிசம்பரில் ஜப்பானியப் பிரதமருக்கு மன்மோகன் சிங் அளித்த விருந்துக்கும் தனுஷ் அழைக்கப்பட்டார். மறுபுறம், பாடல் வரிகளின் தரத்தைக் கவிஞர் ஜாவேத் அக்தர் சாடினார். தமிழ் சிதைகிறதே என்று சிலர் வருந்தினர். வேடிக்கைதானே என்று பலர் சிரித்தனர்.

எதிரே அமர்ந்திருந்த இளம்பெண், அவளும் தொழிற்சாலைப் பணியாளரே, மெல்லச் சொன்னாள்: "அவள் ஏன் வேண்டாம் என்றாள் என்று யாருமே கேட்கவில்லையே, சார்!"

நம் விரல்கள் நின்றன. காதலில் தோற்றவனின் துயரம் உண்மையானது. அதைப் பாடுவதில் பிழையில்லை. ஆயினும், மறுத்தவளைப் பழிக்கும்போது ஊரே கைதட்டினால், மறுக்கும் உரிமை அவளுக்கு உண்டு என்பதை நம் பிள்ளைகள் எங்கே கற்பார்கள்? சொற்களின் தரம் பற்றி வாதிட்ட நாம், இதைப் பற்றி வீட்டில் ஒருநாளேனும் பேசினோமா?

மீஞ்சூரில் அப்பெண் இறங்கிச் சென்றாள். பாடல் தொடர்ந்தது.