ஜூம் எத்தனைல வச்சிருக்கீங்க?

கூடைப்பந்து வீடியோ கேம் ஆடுற மக்கள்கிட்ட ஒரே ஒரு கேள்வி. உங்க கேமரா ஜூம் எத்தனைல இருக்கு?

"அதெல்லாம் யாருய்யா மாத்துறா"ன்னு கேக்குறவங்கதான் பாதிப் பேர் இருப்பீங்க. டீம் எடுக்க அரை மணி நேரம் யோசிப்போம். ஷூ கலர் மாத்த கால் மணி நேரம். ஆனா ஆட்டம் முழுக்க எங்கருந்து பார்க்கப் போறோமோ அந்த இடத்தை மட்டும் கம்பெனிக்காரன் வச்ச மாதிரியே விட்டுடுவோம். இந்தப் பதிவு அந்த மெனுவைப் பத்தி. கேம் பக்கமே போகாதவங்களும் கொஞ்சம் பொறுமையா வாங்க, நடுவுல எங்க வீட்டு விஷயம் ஒண்ணு வருது :)

தருமபுரியில கூடைப்பந்து கேமான்னு சிரிக்காதீங்க. எங்க பக்கம் வாலிபால், கபடிதான் ஜாஸ்தி, ஒத்துக்குறேன். ஆனா 2000-கள்ல 4 ரோடு பக்கம் நான் போய் உக்கார்ற கம்ப்யூட்டர் சென்டர்ல கிரிக்கெட் கேமுக்கு எப்பவும் க்யூ நிக்கும். காலியா இருக்குற ஒரே சிஸ்டம்ல என்பிஏ லைவ் கிடக்கும். அப்படிப் புடிச்ச பைத்தியம்தான். இஏ கம்பெனி அந்த கேமை பிசிக்குக் கடைசியா விட்டது என்பிஏ லைவ் 08. அதோட நிறுத்திட்டாங்க. அதுக்கப்புறம் 2கே தான் கதின்னு ஆச்சு.

அந்த சென்டர்ல இருந்தது 15 இன்ச் பெட்டி மானிட்டர். கண்ணாடி அகலம் சுமாரா 28 சென்டிமீட்டர். என்பிஏ ஆடுகளத்தோட நீளம் 28.65 மீட்டர். அதாவது கேமராவை நல்லா பின்னாடி தள்ளி, பக்கவாட்டுல முழு ஆடுகளமும் தெரியுற மாதிரி வச்சா, ஒரு மீட்டருக்கு ஒரு சென்டிமீட்டர். ரெண்டு மீட்டர் உயர ஆளு ரெண்டு சென்டிமீட்டர் ஆயிடுவான். 24 சென்டிமீட்டர் குறுக்களவுள்ள பந்து ரெண்டரை மில்லிமீட்டர் கூட வராது. கடுகை விடக் கொஞ்சம் பெருசு, அவ்வளவுதான். கடுகைத் துரத்திக்கிட்டு பத்துப் பேர் ஓடுறாங்கன்னு வச்சுக்கோங்க!

கிட்ட இழுத்தா பந்து நல்லா தெரியும், முகம் தெரியும், வேர்வை கூடத் தெரியும். ஆனா பந்து இல்லாத பக்கம் நிக்குற நம்மாளு ஸ்கிரீனை விட்டே வெளிய போயிடுவான். அவன் ஃப்ரீயா நிக்கிறானா இல்லையான்னு தெரியாம குருட்டாம்போக்குல பாஸ் போடணும். ஆக ஜூம்ங்கிறது ஒரு கொடுக்கல் வாங்கல். ஒருத்தனை நல்லா பாக்கணும்னா மீதி ஒன்பது பேரை விட்டுக் கொடுக்கணும். ஒன்பது பேரும் வேணும்னா அந்த ஒருத்தன் சின்னதா போயிடுவான். ரெண்டும் சேர்ந்து கிடைக்காது.

முன்னாடி இந்தப் பஞ்சாயத்தே கிடையாது. 1993-ல வந்த என்பிஏ ஜாம் ஆர்கேட் மிஷின்ல கேமரா பக்கவாட்டுல நின்னு இடமும் வலமும் ஓடும். அடுத்த வருஷம் வந்த என்பிஏ லைவ் 95-ல கொஞ்சம் மேலருந்து சாய்வா காட்டுவாங்க. ஆளுங்க எல்லாம் தட்டையான படம். கேமரா இவ்வளவு தூரம்னு கேமை எழுதினவன் முடிவு பண்ணிட்டான், நாம வாயை மூடிக்கிட்டு ஆடணும். முப்பரிமாணம் வந்தப்புறம்தான் ஒவ்வொரு ஆளும் பொம்மை மாதிரி சுத்திப் பாக்கக்கூடிய உருவமா ஆனான். கேமராவை எங்க வேணா கொண்டு போய் நிறுத்தலாம்னு ஆச்சு. 1999-ல சேகா ட்ரீம்காஸ்ட்ல முதல் என்பிஏ 2கே வந்த காலத்துல இந்த மாற்றம் நல்லாவே நடந்து முடிஞ்சிருந்தது. அதுலருந்து "எங்க நிக்கணும்"ங்கிறது நம்ம தலைவலி.

இப்ப வீட்டு விஷயத்துக்கு வரேன்.

2021 மே மாசம் எபிக் கேம்ஸ் ஸ்டோர்ல என்பிஏ 2கே21-ஐ ஒரு வாரம் சும்மா கொடுத்தாங்க. ஓசின்னா விடுவோமா? 80 ஜிபி காலி இடம் கேட்டது. ராத்திரி ராத்திரியா டவுன்லோடு போட்டு எடுத்தேன். அதோட ஆன்லைன் சர்வரை 2022 கடைசியில மூடிட்டாங்க. ஆனா வீட்ல ரெண்டு பேர் உக்காந்து ஆட சர்வர் எதுக்கு? சிஸ்டத்தை 32 இன்ச் டிவியில சொருகிட்டு நானும் அக்கா பையனும் ஆடுவோம். நான் அவனை மாப்ளன்னு கூப்பிடுவேன், இங்கயும் அப்படியே இருக்கட்டும். அப்ப ஏழாவது படிச்சிட்டிருந்தான்.

ரெண்டு பேர், ஒரே டிவி, ஒரே கேமரா. நான் ஜூமை 2-ல வைப்பேன். பாத்ரூம் போயிட்டு வந்து பாத்தா 9-ல இருக்கும். திரும்ப 2. தண்ணி குடிக்கப் போனா திரும்ப 9. போதாக்குறைக்கு பிளாஸ்டிக் சேரை இழுத்து இழுத்து டிவிக்கு முன்னாடியே போயிடுவான். அக்கா சமையக்கட்டுலருந்து கத்தும், "டிவி கிட்டப் போகாதடா, கண்ணு கெட்டுடும்!"

எனக்கு உறுத்துனது ஜூம் இல்ல. இவன் ஆடுற விதம். பக்கத்துல நிக்கிறவனுக்கு மட்டும்தான் பாஸ் போடுவான். மூலையில கைய தூக்கிட்டு ஒருத்தன் தனியா நிப்பான், ஸ்கிரீன்லயும் இருப்பான், ஆனா அவனுக்குப் போடவே மாட்டான். "ஏன் மாப்ள, மூலையில 30 நம்பர் சும்மாதானே நிக்கிறான்?"ன்னு ஒருநாள் கேட்டேன்.

"எங்க மாமா?"

"அதோ, அந்தக் கடைசியில."

சேரை விட்டு எந்திரிச்சுப் போய் டிவியைத் தொடுற தூரத்துல நின்னு பாத்தான். அப்புறம் திரும்பி ஒரு கேள்வி கேட்டான் பாருங்க.

"மாமா, உனக்கு அங்க உக்காந்தே நம்பர் தெரியுதா?"

கேலி இல்ல, நிஜமான ஆச்சரியம். எல்லாருக்கும் இப்படித்தான் தெரியும்னே அவன் நினைச்சிட்டிருந்திருக்கான். பொறந்ததுலருந்து ஒரே ஜோடிக் கண்ணுலதானே எல்லாரும் பாக்குறோம். அடுத்தவனுக்கு எப்படித் தெரியுதுன்னு ஒப்பிட்டுப் பாக்க நமக்கு ஏது வழி? ஸ்கூல்லயும் யாருக்கும் தெரியல. ஆளு குள்ளம், அதனால முதல் பெஞ்ச். போர்டு மூக்குக்கு முன்னாடியே இருக்கும்.

நானும் அக்காவும் கண் டாக்டர்கிட்ட கூட்டிட்டுப் போனோம். வலது மைனஸ் 2, இடது மைனஸ் 1.75. கிட்டப்பார்வை. டாக்டர் எளிமையா ஒரு கணக்கு சொன்னார். மைனஸ் 2-ன்னா அரை மீட்டர் வரைக்கும்தான் தெளிவு, அதுக்கு அந்தப் பக்கம் போகப் போகக் கலங்கல். சேரை ஏன் இழுத்துட்டுப் போனான்னு அப்பதான் அக்காவுக்குப் புரிஞ்சது. டிவி கிட்ட உக்காந்ததால கண்ணு கெடல. கண்ணு மங்கலா இருந்ததாலதான் கிட்ட போய் உக்காந்திருக்கான். ஜூம் 9-ம் அதே கதைதான்.

வெளிய வரும்போது அக்கா ஒண்ணு சொல்லுச்சு. அந்த வருஷம் ஸ்கூல் ஜூனியர் கூடைப்பந்து டீம்லருந்து இவனை எடுத்துட்டாங்களாம். "பந்து வந்தா கைய நீட்ட மாட்டேங்கிறான், பயப்படுறான்"னு பி.டி. மாஸ்டர் சொன்னாராம். இவனும் தான் பயந்தாங்கொள்ளின்னே நம்பிட்டு, வீட்ல யார்கிட்டயும் அதிகம் பேசாம, கேமே கதின்னு கிடந்திருக்கான். ஆறு மீட்டர் தள்ளியிருந்து வேகமா வர்ற பந்து கலங்கலா வந்து, மூஞ்சிக்குப் பக்கத்துல வந்தப்புறம் தெளிவா தெரிஞ்சா யாருக்குத்தான் கை வரும்? நிஜ ஆடுகளத்துல ஜூம் பட்டன் கிடையாதே.

வீட்டுக்கு வந்து கணக்குப் போட்டுப் பாத்தேன். 32 இன்ச் டிவியோட அகலம் சுமார் 71 சென்டிமீட்டர். முழு ஆடுகளத்தையும் அதுல அடைச்சா எல்லாம் நாப்பதுல ஒரு பங்கு. பந்து 6 மில்லிமீட்டர், மிளகு சைஸ். ஜெர்சி முதுகுல இருக்குற நம்பர் நிஜத்துல சுமார் 20 சென்டிமீட்டர்னா டிவியில 5 மில்லிமீட்டர். கண் டாக்டர் போர்டுல நல்ல பார்வைக்காரங்க படிக்குற 6/6 வரியோட எழுத்து, 6 மீட்டர் தூரத்துக்கு 8.75 மில்லிமீட்டர். நாங்க உக்கார்றது டிவியிலருந்து எட்டு அடி. அந்த தூரத்துக்கு 3.5 மில்லிமீட்டர் எழுத்தே போதும். அப்ப 5 மில்லிமீட்டர் நம்பரை நல்ல கண்ணு சாதாரணமா படிச்சிடணும். கடைசி வரைக்கும் பின்னாடி தள்ளுன ஜூம்ங்கிறது கிட்டத்தட்ட ஒரு கண் போர்டு!

கண்ணாடி வந்துச்சு. ஆனா மாப்ள போட மாட்டேன்னுட்டான். சோடாபுட்டின்னு கூப்பிடுவாங்களாம். கெஞ்சல், மிரட்டல், எதுவும் வேலைக்காகல. அப்பதான் 2கே கை கொடுத்துச்சு. அதுல பழைய டீம்களும் உண்டு. 1986-87 லேக்கர்ஸை எடுத்து, ரீப்ளேயை நிறுத்தி, ஜூமை இழுக்க முடிஞ்ச மட்டும் இழுத்து கரீம் அப்துல் ஜப்பார் மூஞ்சியைக் காட்டினேன். கண்ணுல பெரிய காகிள்ஸ். "இவர் யார் மாமா?" என்பிஏல 38,387 பாயிண்ட் எடுத்தவர்டா, 2023 பிப்ரவரியில லெப்ரான் ஜேம்ஸ் தாண்டுற வரைக்கும் இவர்தான் முதல் இடம்னேன். அவர் போட்டது பார்வைக்காக இல்ல, கண்ணுல விரல் பட்டுப் பட்டுக் காயமானதால. அதே லேக்கர்ஸ்ல கர்ட் ராம்பிஸ்னு ஒருத்தர் தடிச்ச கறுப்பு ஃப்ரேம் கண்ணாடியைப் போட்டுக்கிட்டே முட்டி மோதி ஆடுனாரு. ரெண்டையும் சொன்னேன். ரெண்டு நாள் கழிச்சு அவனா வந்து, "அந்த மாதிரி ரப்பர் பட்டை வச்சது கிடைக்குமா மாமா?"ன்னான். கிடைச்சுது. உடையாத பாலிகார்பனேட் கண்ணாடி, பின்னாடி பட்டை.

உடனே மாவட்ட சாம்பியன் ஆயிட்டான்னு எதிர்பாக்காதீங்க, இது சினிமா இல்ல :) அடுத்த வருஷம் டீம்ல மாத்து ஆட்டக்காரனா எடுத்தாங்க. பாதி மேட்ச் பெஞ்சுலதான். ஆனா பயந்தாங்கொள்ளிங்கிற பேர் போச்சு. அவன் மனசுலருந்தும் போச்சு. அது போதும்.

இன்னொரு மாற்றம். கண்ணாடி வந்த ஒரே வாரத்துல ஜூம் சண்டை தலைகீழா மாறிடுச்சு. இப்ப அவன்தான் 0-க்குத் தள்ளுறான். "மூலையில நிக்கிறவன் தெரியணும் மாமா"ங்கிறான். எனக்குக் கொஞ்சம் கிட்ட இருந்தாதான் ஷாட் அடிக்குறப்ப கை எங்க இருக்குன்னு புரியும். இப்போதைக்கு 3-ல சமாதானம்.

அதனால மக்களே, உங்க வீட்லயும் ஏதாவது வாண்டு "கிட்ட வை, கிட்ட வை"ன்னு அடம் புடிச்சா, எட்டு அடி தள்ளி உக்கார வச்சு ஜெர்சி நம்பரைப் படிக்கச் சொல்லுங்க. தடுமாறுனா கண் டாக்டர்கிட்ட ஒரு நடை போயிட்டு வாங்க. நாமளா பண்ற இந்த டெஸ்ட் டாக்டருக்கு ஈடாகாது, சந்தேகத்தைக் கிளப்ப மட்டும்தான். பள்ளிப் பிள்ளைங்களோட கண்ணைப் பரிசோதிச்சு இலவசக் கண்ணாடி கொடுக்குறதுக்குன்னே 2009-ல தமிழ்நாட்டுல கண்ணொளி காப்போம் திட்டம் வந்துச்சு. அரசுப் பள்ளின்னா ஸ்கூல்லயே விசாரிச்சுப் பாருங்க. அப்படியே கேமை நிறுத்திட்டு வெளியவும் துரத்துங்க. வெளிச்சத்துல வெளிய விளையாடுற பிள்ளைங்களுக்குக் கிட்டப்பார்வை வர்ற வாய்ப்பு குறையுதுன்னு ஆராய்ச்சிக்காரங்க சொல்றாங்க.

பி.கு: செட்டிங் மட்டும் போதும்னு ஓடி வந்தவங்களுக்கு. ஜூமை விட முதல்ல உயரத்தைச் சரி பண்ணுங்க. கேமரா தாழ்வா இருந்தா ஒருத்தன் முதுகுக்குப் பின்னாடி இன்னொருத்தன் மறைஞ்சிடுவான், நடுவுல பாஸ் போட வழி இருக்கான்னு தெரியாது. ரொம்ப ஏத்துனா கேரம் போர்டு பாக்குற மாதிரி ஆயிடும், பந்து எவ்வளவு உயரத்துல பறக்குதுன்னு புரியாது. பாதிக்குக் கொஞ்சம் மேல வச்சுட்டு அப்புறம் ஜூமைத் தொடுங்க. தனியா ஆடுனா ஆடுகளத்தோட நீளவாக்குல பாக்குற 2கே கேமரா நல்லது. ரெண்டு பேர்னா டிவியில மேட்ச் காட்டுற மாதிரி பக்கவாட்டு கேமராதான் நியாயம், ரெண்டு கூடையும் சம தூரத்துல இருக்கும். சண்டை வராது. வந்தாலும் கம்மியா வரும் :)