கூடைப்பந்து ஆடினால் என்ன கிடைக்கும்?

"பேஸ்கட்பால் ஆடி என்னடா ஆகப் போற?"

ஆவடி, அம்பத்தூர், பூந்தமல்லி பக்கம் உயரமாக வளர்ந்த பையன் இருக்கிற வீடுகளில் இந்தக் கேள்வி அடிக்கடி கேட்கும். கேட்பவர் பெரும்பாலும் அப்பா. பையன் பதில் சொல்ல மாட்டான். காலை ஐந்தரை மணிக்கு ஷூ லேஸ் கட்டிக்கொண்டிருப்பவனிடம் அதற்குப் பதில் இருக்கவும் இருக்காது. ஆனால் கேள்வி நியாயமானது. அதற்கு ஒழுங்காக ஒரு பதில் தேடிப் பார்த்தால் என்ன?

அமெரிக்காவில் பதில் சுலபம். பள்ளி, கல்லூரி, அப்புறம் என்.பி.ஏ. வருடத்துக்கு ஏறக்குறைய 60 பேரை டிராஃப்டில் எடுப்பார்கள். அந்த 60இல் ஒரு இந்தியர் வந்தது ஒரே ஒரு முறை. 2015இல் பஞ்சாப் கிராமத்துப் பையன் சத்னாம் சிங்கை டல்லாஸ் மாவரிக்ஸ் 52வது ஆளாக எடுத்தது. ஏழடிக்கு மேல் உயரம். நாடே கொண்டாடியது. ஆனால் அவர் என்.பி.ஏ. ஆட்டம் ஒன்றில்கூடக் களமிறங்கவில்லை. நடுவில் ஊக்கமருந்து விவகாரத்தில் இரண்டு வருடத் தடை. 2021இல் மல்யுத்தக் காட்சி நடத்தும் அமெரிக்க நிறுவனம் ஒன்றில் சேர்ந்துவிட்டார். ஆக, போஸ்டரில் இருக்கிற பாதை அது. சுவரில் ஒட்டிக்கொள்ளலாம், அதில் நடந்து போக முடியாது.

நம்ம ஊரில் நடந்து போகக்கூடிய பாதை வேறு. தெற்கு ரயில்வே, ஐ.சி.எஃப்., இந்தியன் ஓவர்சீஸ் வங்கி, இந்தியன் வங்கி, வருமான வரி, சுங்கம், போலீஸ். இவர்கள் அணி வைத்திருக்கிறார்கள். ஆடத் தெரிந்தவனுக்கு வேலை கொடுக்கிறார்கள். சென்னையில் 'புரொஃபஷனல் பிளேயர்' என்றால் அர்த்தம் இதுதான்: வருகைப் பதிவேட்டில் கையெழுத்துப் போடுகிற ஆட்டக்காரர். ஆடுவதற்குச் சம்பளம் கிடையாது. ஆடியதால் கிடைத்த வேலைக்குத்தான் சம்பளம்.

இதைக் கேட்டதும் உதட்டைப் பிதுக்குபவர்கள் உண்டு. கொஞ்சம் பொறுங்கள். அந்த வேலையை வாங்குவது டாங்க்கி ஓட்டக் கற்றுக்கொள்வதைவிடக் கஷ்டம். (டாங்க்கி ஆவடியிலேயே செய்கிறார்கள், அதனால் சொன்னது!)

சென்னையின் மேற்குப் பக்கத்தில் இந்த ஆட்டம் வேரூன்றியதற்கு ஒரு காரணம் இருக்கிறது. ஆவடியில் கனரக வாகனத் தொழிற்சாலை, ராணுவ உடைத் தொழிற்சாலை, விமானப் படை நிலையம், சி.ஆர்.பி.எஃப்., சிறப்புக் காவல் படை. அம்பத்தூரில் 1960களில் வந்த தொழிற்பேட்டை. சென்ட்ரல் பக்கம் போனால் வில்லிவாக்கத்தை ஒட்டி 1955இல் தொடங்கிய ஐ.சி.எஃப். இப்படிப்பட்ட இடங்களில் குவார்ட்டர்ஸ் இருக்கும். குவார்ட்டர்ஸ் என்றால் கிரவுண்ட் இருக்கும். கிரிக்கெட்டுக்கு மைதானம் வேண்டும், கூடைப்பந்துக்கு 28 மீட்டருக்கு 15 மீட்டர் சிமெண்ட் தரையும் இரண்டு கம்பமும் போதும். சிமெண்ட் தரை முழங்காலுக்கு எமன் என்பது வேறு விஷயம். விழுந்தால் தோல் போகும். தினமும் குதித்தால் மூட்டு போகும். ஷூவின் அடி நான்கு மாதத்தில் வழித்துவிட்ட மாதிரி ஆகிவிடும். புது ஷூ கேட்கும்போதுதான் அப்பா மேலே சொன்ன கேள்வியைக் கேட்கிறார்.

இப்போது ஆவடியில் ஒரு பையனைக் கற்பனை செய்துகொள்வோம். எட்டாம் வகுப்பில் பி.டி. மாஸ்டர் கண்ணில் படுகிறான். பள்ளி அணி, அப்புறம் மாவட்ட அணி. ஆவடியும் பூந்தமல்லியும் திருவள்ளூர் மாவட்டம். ஆவடியிலிருந்து அண்ணனூர், திருமுல்லைவாயில் தாண்டி மூன்றாவது ஸ்டேஷன் அம்பத்தூர். அதுவும் திருவள்ளூர் மாவட்டமாகத்தான் இருந்தது. 2018இல் சென்னை மாவட்டத்துக்குப் போய்விட்டது. ஒரே லோக்கல் ரயிலில் ஏறி ஒரே கோச்சிடம் பழகும் இரண்டு பையன்கள் மாவட்டத் தேர்வு என்று வந்தால் எதிரெதிர் அணி. கேந்திரிய வித்யாலயாவில் படிப்பவனுக்கு இன்னொரு வழி. தேசியப் பள்ளி விளையாட்டுகளில் கே.வி. சங்கதன் தனி ஒரு மாநிலம் மாதிரி அணி அனுப்பும். அவன் தமிழ்நாட்டு அணிக்குப் போட்டி போடாமலேயே தேசியப் போட்டிக்குப் போய்விடலாம். எந்தப் பள்ளியில் சேர்த்தோம் என்று அம்மா அப்பா என்றோ எடுத்த முடிவு இங்கே வந்து வேலை செய்கிறது.

மாநில அணியில் 12 பேர். 38 மாவட்டம், 12 இடம். கணக்கை நீங்களே போட்டுக்கொள்ளுங்கள்.

பிளஸ் டூ முடிந்ததும் கல்லூரி. மேற்குப் பக்கம் பொறியியல் கல்லூரிகளுக்குப் பஞ்சமே இல்லை. நன்றாக ஆடுகிற பையனுக்குக் கட்டணம் வாங்காமல் சீட் கொடுக்கும் கல்லூரிகள் உண்டு. வீட்டில் முதல் முறையாக அப்பா முகத்தில் வெளிச்சம் தெரியும். ஆனால் இங்கே ஒரு சூட்சுமம் இருக்கிறது. பல்கலைக்கழகங்களுக்கு இடையிலான போட்டிக்குக் கல்லூரி போக முடியாது, பல்கலைக்கழகம்தான் போகும். அண்ணா பல்கலைக்கழகத்தின் கீழே நானூறுக்கும் மேற்பட்ட கல்லூரிகள். அத்தனைக்கும் சேர்த்து அதே 12 இடம். நிகர்நிலைப் பல்கலைக்கழகம் என்றால் அதுவே தன் பெயரில் தனி அணி அனுப்பும். ஆவடியின் வேல்டெக், பூந்தமல்லி தாண்டித் தண்டலத்தில் இருக்கிற சவீதா எல்லாம் நிகர்நிலைதான். படிப்பில் எது நல்ல கல்லூரி என்று ஊரே ஆராயும்போது, ஆட்டக்காரன் வீட்டில் மட்டும் எங்கே போனால் பல்கலைக்கழக பனியன் கிடைக்கும் என்று ஆராய்வார்கள்.

பனியனுக்கு ஏன் இவ்வளவு அலைச்சல்? ஃபைலுக்காக!

ஆட்டக்காரன் வீட்டில் பந்தைவிட முக்கியமான பொருள் அந்த ஃபைல். அதில் படிவங்கள் இருக்கும். நாட்டுக்காக ஆடினால் படிவம் 1. மாநிலத்துக்காகத் தேசியப் போட்டியில் ஆடினால் படிவம் 2. பல்கலைக்கழகத்துக்குப் படிவம் 3, தேசியப் பள்ளிப் போட்டிக்குப் படிவம் 4. மத்திய அரசு வேலையின் விளையாட்டு ஒதுக்கீட்டில் இந்த எண்கள்தான் பேசும். ஃபைல் பீரோவில் அம்மாவின் பட்டுப்புடவைக்குக் கீழே இருக்கும். சாவி அம்மாவிடம்.

ரயில்வே ஒதுக்கீட்டில் மதிப்பெண் போடும் முறையைப் பார்த்தால் விஷயம் புரியும். மொத்தம் 100. களத்தில் இறக்கி ஆடவிட்டு, உடல் தகுதி பார்த்துக் கொடுப்பது 40. ஏற்கெனவே வாங்கிய சான்றிதழ்களுக்கு 50. படிப்புக்கு 10. அதாவது கண்ணெதிரே ஆடிக் காட்டுவதைவிட, எங்கோ எப்போதோ ஆடியதாகச் சொல்லும் காகிதத்துக்கு மதிப்பு அதிகம். ஆடிக் காட்டும் 40இல் 25 வாங்கினால்தான் மற்றது எண்ணிக்கைக்கே வரும், அந்த அளவுக்கு நியாயம் வைத்திருக்கிறார்கள். ஒரு நாள் ஆட்டத்தை வைத்து ஆள் எடுத்தால் சிபாரிசு புகுந்துவிடும், காகிதம் பொய் சொல்லாது என்று இதற்கு ஒரு சமாதானம் சொல்லலாம். ஒப்புக்கொள்ள வேண்டியதுதான். ஆனால் அந்தக் காகிதம் எப்படி வருகிறது?

தேசியப் போட்டியில் ஆடினால் மட்டும் போதாது. பெரும்பாலான பதவிகளுக்கு அணி மூன்றாம் இடத்துக்குள் வந்திருக்க வேண்டும். ஓட்டப்பந்தயம் என்றால் அவன் கால், அவன் நேரம். இதுவோ ஐந்து பேர் ஆட்டம். காலிறுதியில் கடைசி வினாடியில் வேறு ஒருவன் விட்ட ஃப்ரீ த்ரோ வளையத்தில் பட்டு வெளியே போனால், இருபது பாயிண்ட் போட்டவனின் வேலையும் கூடவே போய்விடும். தவற விட்டவன் பஸ்ஸில் திரும்பும்போது யாரிடமும் பேச மாட்டான். அவனைத் திட்டவும் முடியாது. அவனுக்கும் அதே வேலைதானே போனது!

இன்னொன்று, அந்தச் சாதனை சமீபத்தியதாக இருக்க வேண்டும். பொதுவாக அறிவிப்பு வருகிற நிதியாண்டும் அதற்கு முந்தைய இரண்டும்தான் கணக்கு. வயது 18லிருந்து 25க்குள். ஒரு முழங்கால் தசைநார் கிழிந்து ஒரு வருடம் உட்கார்ந்தால், கை கால் திரும்பி வரும், சான்றிதழ் காலாவதியாகியிருக்கும். இவ்வளவும் தாண்டி விண்ணப்பிக்கப் போனால், அறிவிப்பில் கூடைப்பந்துக்கு ஒன்றோ இரண்டோ இடம். சில சமயம் சென்டர்தான் வேண்டும் என்று போட்டிருப்பார்கள். இவன் பாயிண்ட் கார்டாக இருப்பான்.

சரி, அந்த வேலை கிடைத்தவர்கள் என்ன செய்தார்கள்? இங்கே இரண்டு பெண்களைப் பற்றிச் சொல்லாமல் இருக்க முடியாது. இருவரும் தெற்கு ரயில்வே.

கீது அன்னா ஜோஸ் கேரளத்தின் கோட்டயம் பக்கம். ஆறடி இரண்டு அங்குலம். 2006இலிருந்து 2008 வரை ஆஸ்திரேலியாவில் ரிங்வுட் அணிக்கு ஆடினார். 2011இல் அமெரிக்கப் பெண்கள் லீகான டபிள்யூ.என்.பி.ஏ.வின் மூன்று அணிகள் சோதனைக்கு அழைத்தன. போனார், ஆடிக் காட்டினார், இடம் கிடைக்கவில்லை. திரும்பி வந்தார். இந்த இடத்தில்தான் ரயில்வே வேலையின் அருமை தெரிகிறது. தோற்றுத் திரும்புகிறவருக்கு நாற்காலி அப்படியே இருந்தது, அணியும் இருந்தது. 2014இல் அர்ஜுனா விருது வந்தது. அந்த நாற்காலி இல்லாதிருந்தால் அமெரிக்காவுக்கு விமானம் ஏறியிருப்பாரா என்று யோசிக்கத்தான் வேண்டும்.

அனிதா பால்துரை நம்ம சென்னைக்காரர். 2000இல் இந்திய அணிக்கு வந்து 2017 வரை ஆடினார். பத்தொன்பது வயதிலேயே கேப்டன். குழந்தை பிறந்த பிறகு திரும்பி வந்து மறுபடியும் இந்தியாவுக்கு ஆடினார். 2017இல் பெங்களூரில் நடந்த ஆசியக் கோப்பை இரண்டாம் பிரிவு இறுதி ஆட்டத்தில் இந்தியா கஜகஸ்தானை 75-73 என்று வென்றதே, அந்த அணியில் இருந்தார். 2021இல் பத்மஸ்ரீ. கிரிக்கெட்டில் இதில் பாதி செய்திருந்தால் தெருவுக்குப் பெயர் வைத்திருப்பார்கள். லோக்கல் ரயிலில் அவர் பக்கத்தில் வந்து உட்கார்ந்தால் நம்மில் எத்தனை பேருக்கு அடையாளம் தெரியும்? பதினேழு பதினெட்டு வருடம் ஒரு பெண் ஆட்டத்தில் நிற்க வேண்டுமானால், மாதம் பிறந்தால் சம்பளம் வர வேண்டும், பிரசவத்துக்கு விடுப்பு வேண்டும், திரும்பி வரும்போது அணி வேண்டும். எந்த லீக் இதையெல்லாம் கொடுக்கும்?

லீக் வரவில்லையா என்றால், வந்தது. 2015இல் யூ.பி.ஏ. என்று ஒன்று தொடங்கினார்கள். சென்னை ஸ்லாம் என்று நமக்கும் அணி இருந்தது. பையன்கள் கையில் முதல்முறையாக ஆட்டத்துக்கென்று பணம் வந்தது. 2017ஓடு அது நின்றுபோனது. அப்புறம் ஐ.என்.பி.எல். வந்தது, அதில் சென்னை ஹீட். லீக் நடக்கும் சில வாரங்கள் திருவிழா. மீதி மாதங்களுக்கு வங்கியோ ரயில்வேயோதான் சோறு போடுகிறது. இதை லீக்கின் மேல் குறையாகச் சொல்லவில்லை. டிக்கெட் வாங்கி அரங்கத்தை நிரப்ப ஆள் இல்லாத ஊரில் லீக் எதை வைத்து நடக்கும்?

எனவே அப்பாவின் கேள்விக்குப் பதில் இருக்கிறது. மோசமான பதிலும் இல்லை. ஆனால் அது பன்னிரண்டு பேருக்கான பதில். பதின்மூன்றாவது ஆள் என்ன ஆனான்? பி.பி.எட். படித்துப் பள்ளியில் பி.டி. மாஸ்டர் ஆகியிருப்பான். முகப்பேர் பக்கம் அபார்ட்மெண்ட் கோர்ட்டில் குழந்தைகளுக்கு டிரிபிளிங் சொல்லிக் கொடுப்பான். அம்பத்தூர் எஸ்டேட்டில் ஷிஃப்டுக்குப் போவான், ஞாயிற்றுக்கிழமை காலையில் மட்டும் நீ-கேப் மாட்டிக்கொண்டு வந்து பள்ளிப் பையன்களோடு அரை கோர்ட் ஆடுவான். வேலைக்குத் தேர்வானவனும் அதே கோர்ட்டுக்குத்தான் வருகிறான். இருவரையும் ஆடவிட்டுப் பார்த்தால் யாருக்கு வேலை கிடைத்தது, யாருக்குக் கிடைக்கவில்லை என்று சொல்ல முடியாது. ஒரு வருடத்து அரையிறுதி, ஒரு முழங்கால், ஒரு மாவட்ட எல்லை. வித்தியாசம் அவ்வளவுதான்.

நமது ஆவடிப் பையனுக்கு இப்போது வயது 17. மாநில ஜூனியர் கேம்புக்குப் பெயர் வந்திருக்கிறது. அதே வாரம் பள்ளியில் அரையாண்டுத் தேர்வு. இரண்டு நாள் வீட்டில் யாரும் சரியாகச் சாப்பிடவில்லை. மூன்றாம் நாள் இரவு அப்பா, "எத்தனை மணிக்கு டிரெயின்?" என்று மட்டும் கேட்டார். அம்மா பீரோவைத் திறந்து ஃபைலை எடுத்து, மழைக்காலமாயிற்றே என்று பிளாஸ்டிக் கவரில் சுற்றிக் கொடுத்தார். பையில் ஷூ, இரண்டு செட் துணி, முழங்காலுக்குத் தடவ ஒரு களிம்பு. ஷூவுக்கு மேலே கெமிஸ்ட்ரி புத்தகம். அதை வைத்தது பையன் இல்லை.