கம்பங்களுக்கிடையே ஒருவர்

செஞ்சியில் இராஜகிரியின் அடிவாரத்தில் மாலைதோறும் பந்தாடும் நம் பங்குச் சிறுவர்கள், தம்முள் நெடியவனைக் கோல் காக்க நிறுத்திவிடுகின்றனர். "ஓடியாட வேண்டிய பிள்ளையைக் காவல்காரனாக்கிவிட்டார்களே, சாமி! கோல் விழுந்தால் ஏச்சும் இவனுக்குத்தானே?" என்று அவன் தாய் முறையிட்டார். ஏச்சைப் பற்றி அவர் சொன்னது மெய்யே. பத்துப் பேர் தவறவிட்ட பந்துக்கு ஒருவன் பதில் சொல்ல வேண்டியிருக்கிறது. நான் அவருக்குப் பீட்டர் தங்கராஜைப் பற்றிச் சொன்னேன்.

1935-இல் ஐதராபாத்தில் பிறந்த தங்கராஜ், 1953-இல் இராணுவத்தில் சேர்ந்தார். நீலகிரி வெலிங்டனில் மதராஸ் ரெஜிமென்ட் மைய அணியில் அவர் முதலில் ஆடியது கோல் அடிக்கும் முன்வரிசையில்! கோல் காக்க வந்தது பிறகுதான். அவ்வணி 1955-லும் 1958-லும் டூராண்ட் கோப்பையை வென்றது. 1962-இல் ஜகார்த்தாவில் தென் கொரியாவை 2-1 என வென்று இந்தியா ஆசியத் தங்கம் பெற்ற இறுதியாட்டத்தில் வலை காத்தவர் அவரே.

இராணுவத்துக்குப்பின் கல்கத்தாவில் முகமதன் ஸ்போர்ட்டிங், மோகன் பகான், ஈஸ்ட் பெங்கால் என அடுத்தடுத்து மூன்று கழகங்களுக்கு ஆடினார். மூன்றும் ஒன்றுக்கொன்று தீராப் பகை கொண்டவை; ஒன்றைவிட்டு மற்றதற்குப் போகிறவனை அங்குள்ள இரசிகர்கள் எளிதில் மன்னிப்பதில்லை. ஆயினும் பிழைப்புக்காக ஊர்விட்டு ஊர் செல்லும் நம் குடும்பங்கள் அவரைக் குறைகூறமாட்டா. 1967-இல் அவருக்கு அர்ஜுனா விருது கிடைத்தது. 1971-இல் ஆட்டத்தினின்று ஓய்ந்து, பின்னர்ப் பயிற்சியாளராகப் பணியாற்றி, 2008 நவம்பரில் பொக்காரோவில் காலமானார்.