மரப்பாச்சியின் சம்மதம்

மரப்பாச்சிக்குக் கல்யாணம் செய்து விளையாடாதவர்கள் உங்களில் யாராவது உண்டா? பாபநாசத்தில் எங்கள் வீட்டுத் திண்ணையில் வருஷத்துக்கு நாலு முகூர்த்தமாவது நடக்கும். வெல்லமும் பொட்டுக்கடலையும் விருந்து. மணப்பெண்ணைச் சம்மதமா என்று ஒருநாளும் நாங்கள் கேட்டதில்லை. பொம்மைதானே!

'எந்திரன்' படத்தை மறுபடியும் டெலிவிஷனில் பார்த்தபோது அந்த ஞாபகம் வந்தது. 2010-ல் ஷங்கர் எடுத்த படம். ரஜினிகாந்த் விஞ்ஞானி வசீகரனாகவும், அவர் படைத்த இயந்திர மனிதன் சிட்டியாகவும் வருகிறார். சிட்டிக்கு வசீகரன் மனித உணர்ச்சிகளைப் புகட்டுகிறார், வந்தது வினை! எஜமானர் மணக்க இருக்கும் ஸனாவின் மேலேயே அதற்குக் காதல் பிறந்துவிடுகிறது.

ஸனா மறுத்துவிடுகிறாள். எத்தனையோ புத்தகங்களைக் கரைத்துக் குடித்த சிட்டிக்கு அந்த மறுப்பு மட்டும் விளங்கவில்லை. வில்லன் கைக்குப் போய்த் திரும்பியதும், அவளைத் தூக்கிக்கொண்டே போய்விடுகிறது.

"இரும்பானால் என்ன, எலும்பானால் என்ன? கேட்காமல் தூக்கிப் போகிறவன் ராவணன்தான்!" என்றாள் என் நாத்தனார்.

இதற்கு நேர்மாறான காதலும் உண்டு. 'ரோபோ' என்ற சொல்லை உலகுக்குத் தந்தது, செக் எழுத்தாளர் காரெல் சாப்பெக் 1920-ல் எழுதிய நாடகம். அதன் முடிவில் ஓர் ஆண் ரோபோவும் ஒரு பெண் ரோபோவும் வருகின்றன. உங்களில் ஒருவரை அறுத்துப் பார்க்கவேண்டும் என்கிறார் ஒரு கிழவர். அவளை விட்டுவிட்டுத் தன்னை அறுக்கச் சொல்கிறான் அவன். அவனுக்குப் பதில் தான் வருவதாகச் சொல்கிறாள் அவள். கிழவருக்குப் புரிந்துவிடுகிறது. ஆதாம், ஏவாள் என்று அழைத்து அனுப்பி வைக்கிறார்.

சகோதரிகளே, மனிதத்தன்மை ரத்தத்திலும் சதையிலுமா இருக்கிறது? என்னைப் பெண் பார்க்க வந்த அன்று, பெரியவர்கள் கூடத்தில் உட்கார்ந்து கல்யாணத் தேதி வரை பேசி முடித்துவிட்டார்கள். நான் மரப்பாச்சியாக நின்றேன். புறப்படும் சமயம் அவர் மட்டும் வாசற்படியில் தயங்கி, "உனக்கு இஷ்டந்தானா?" என்று மெல்லக் கேட்டார். எனக்கு நா எழவில்லை. ஆனால் பதில் வரும்வரை அவர் நகரவில்லை. அதற்காகவே தலையசைத்தேன்.

இப்போது என் பேத்தி மரப்பாச்சிக் கல்யாணம் நடத்தினால், "பெண்ணைக் கேட்டாயா?" என்கிறேன்.

"பொம்மை எப்படிப் பாட்டி பேசும்?"

"பேசுகிற வரைக்கும் காத்திரு, கண்ணே!"