வாளிச் சத்தம்

திருவல்லிக்கேணி மேன்ஷன் ஒன்றில் எனக்கு ஆறுக்குப் பத்து அறை. பி.காம். படித்தவன். பகலில் அடுத்தவர் கணக்கு, ராத்திரியில் இந்த மாதிரி எழுத்து. இரண்டிலும் மாசக் கடைசியில் இடிக்கும்.

ஆறேகாலுக்குக் குளியல் க்யூ, மெஸ்ஸில் இரண்டு இட்லி, எழும்பூரில் மின்சார ரயில், கிண்டி. 1931-லிருந்து ஓடுகிற மின்சார ரயில். அது கூட என்னைவிட உற்சாகமாகத்தான் ஓடுகிறது. மாதா மாதம் 11-ந் தேதி ஜி.எஸ்.டி.ஆர்-1, 20-ந் தேதி 3-பி. என் காலண்டரில் வேறு பண்டிகை கிடையாது.

ஒரு திங்கட்கிழமை காலை அம்மா போன் செய்தாள். "ஹலோ" என்றேன். துருப்பிடித்த கேட் மாதிரி ஒரு கிரீச்!

"ஏண்டா, சளியா?"

சளி இல்லை. சனிக்கிழமை மத்தியானம் மேனேஜரிடம் "வரேன் சார்" சொன்னதற்கப்புறம் நான் பேசிய முதல் வார்த்தை அதுதான். முன்பெல்லாம் டீக்கடையில் சில்லறைக்காவது சண்டை போடலாம். இப்போது செல்போனைக் காட்டினால் கடைக்காரருக்குப் பதில் அவர் மேஜைப் பெட்டியே 'பணம் வந்தாச்சு' என்று பேசிவிடுகிறது.

"ஆமாம்மா, லேசா சளி" என்று புளுகினேன். மிளகு ரசம் வைத்துச் சாப்பிடச் சொன்னாள். மேன்ஷனில் அடுப்பு ஏது?

பக்கத்து அறைக்காரருக்கு ஐம்பத்தைந்து இருக்கும். தினம் காலை ஐந்தே முக்காலுக்குக் குழாயடியில் இரும்பு வாளியை 'ணங்'கென்று வைப்பார். நாலு வருஷமாக என் தூக்கத்தைக் கெடுத்தவர். மனசுக்குள் திட்டியிருக்கிறேனே தவிர, பெயர்கூடக் கேட்டதில்லை.

ஒரு புதன்கிழமை கண் விழித்தால் மணி எட்டு. 'ணங்' இல்லை! ஆள் ஊருக்குப் போயிட்டார் போலிருக்கு என்று (நிஜமாகவே) சந்தோஷப்பட்டேன். வியாழக்கிழமையும் சத்தம் இல்லை. ஆனால் வாசலில் அவர் செருப்பு கிடந்தது.

தட்டினேன். ரொம்ப நேரம் கழித்து, "யாரு?"

என்னவென்று சொல்வது? "பக்கத்து ரூம் சார்."

உள்ளே அனலாய்க் கொதிக்கிற ஜுரம். இரண்டு நாளாக வெறும் தண்ணீர்தானாம்.

"யாரையாவது கூப்பிட்டிருக்கலாமே சார்?"

"யாரை தம்பி?"

ஆட்டோவில் டாக்டரிடம் கூட்டிப் போனேன். சீட்டு எழுதுகிற பெண் என்னிடம், "பேஷண்ட் பேர் என்ன சார்?" என்றாள். நான் அவரைப் பார்த்தேன். அவரேதான் சொன்னார். என்னைப் பார்க்காமல் சொன்னார்.

அடுத்த வாரம் ஒரு நாள், ஐந்தே முக்கால். 'ணங்'!

"சார், கொஞ்சம் மெதுவா வைக்கக் கூடாதா?" படுத்தபடியே கத்தினேன்.

"எழுந்திரு தம்பி, ரயிலை விட்டுடுவே" என்று குழாயடியிலிருந்து பதில் வந்தது.