லிஸ்டில் இல்லாத பெயர்

1996-ல் ஆண்டி ஃபாரெல் கிரேட் பிரிட்டன் ரக்பி லீக் அணிக்குக் கேப்டன் ஆனபோது அவருக்கு வயது 21. அதற்கு முன்பே அவர் கதை விகன் ஊர்க்காரர்களுக்கு மனப்பாடம். ஓரெல் செயின்ட் ஜேம்ஸ் என்கிற உள்ளூர் ஜூனியர் கிளப்பில் ஆடிய பையன். 16 வயதிலேயே விகன் முதல் அணியில் இறக்கிவிட்டார்கள். 1993 மே மாதம் வெம்ப்லியில் விட்னஸ் அணியை 20-14 என்று தோற்கடித்து விகன் சேலஞ்ச் கப்பைத் தூக்கியபோது இந்தப் பையனுக்கு 18 முடிய இன்னும் சில வாரங்கள் பாக்கி. அதே வருஷம் நியூசிலாந்துக்கு எதிராக நாட்டுக்கும் ஆடியாகிவிட்டது. நேராக ஏறுகிற ஏணி. விளையாட்டுப் பத்திரிகைகளுக்கு இந்த மாதிரிக் கதைதான் பிடிக்கும்.

அதே 1996-ல் பென்னைன் மலைகளுக்கு அந்தப் பக்கம், லீட்ஸ் நகரத்தில் 18 வயதுப் பையன் ஒருவன் இருந்தான். அவனும் ஃபார்வர்டுதான். ஜூனியர் கிளப்பில் வளர்ந்தவன்தான். ஆனால் எந்தப் பெரிய கிளப்பின் முதல் அணியிலும் அவன் பெயர் இல்லை. ஜேமி பீக்காக். (பெயரில்தான் மயில். ஆறடிக்கு மேல் நாலைந்து அங்குலம் உயரம், எதிரே ஓடி வந்தால் மயில் ஞாபகம் யாருக்கும் வராது!)

ஒன்பது வருஷம் கழித்து, 2005-ல், ஃபாரெல் போன பிறகு பிரிட்டன் அணியை நடத்திக்கொண்டு மைதானத்துக்குள் வந்தது இந்தப் பீக்காக்தான். நடுவில் என்ன நடந்தது என்பதுதான் விஷயம்.

அதற்கு முன் ஆட்டத்தைப் பற்றிக் கொஞ்சம். ரக்பி என்றால் ஒரே ஆட்டம் என்று நினைக்கிறவர்கள் உண்டு. இல்லை, இரண்டு. 1895-ல் இங்கிலாந்தின் வடக்கில் உள்ள இருபதுக்கும் மேற்பட்ட கிளப்புகள் ஹடர்ஸ்ஃபீல்டில் ஒரு ஹோட்டலில் கூடி, லண்டன்காரர்களின் ரக்பி சங்கத்திலிருந்து பிரிந்து வந்தன. சண்டை கூலிக்காக. சுரங்கத்திலும் ஆலையிலும் வேலை பார்த்தவர்கள் சனிக்கிழமை ஆட்டத்துக்கு வந்தால் அன்றைய சம்பளம் போய்விடும். அதை ஈடுகட்டிக் கொடுங்கள் என்றார்கள். 'விளையாட்டுக்குப் பணமா, கூடவே கூடாது' என்றார்கள் வசதியானவர்கள். பிரிந்து வந்தவர்களின் ஆட்டம்தான் பிறகு ரக்பி லீக் ஆனது. 15 பேருக்குப் பதில் 13 பேர். பிடித்து நிறுத்தப்பட்டால் பந்தைக் காலுக்குப் பின்னால் உருட்டிவிட்டு மறுபடி ஓடலாம், ஆறு முறை வரை. ஆறாவது முறையும் மாட்டினால் பந்து எதிரணிக்கு.

இதில் ஃபார்வர்டு என்பவரின் பிழைப்பு ரொம்ப எளிமையானது, ரொம்பக் கொடுமையானது. ஒவ்வொரு முறை பிடிபட்ட பிறகும் தடுக்கிற அணி பத்து மீட்டர் பின்னால் போய் நிற்க வேண்டும். அந்தப் பத்து மீட்டரில் இரண்டு பக்கமும் வேகம் எடுத்து வந்து மோதும். பந்தை வாங்கிக்கொண்டு மூன்று பேர் நிற்கிற சுவர் மேல் ஓடி மோதுவது ஃபார்வர்டின் வேலை. எழுந்து, பின்னால் நடந்து, மறுபடி மோதுவது. பந்து கைமாறியதும் அதே ஆள் சுவர் ஆக வேண்டும். ஒரு ஆட்டத்தில் முப்பது டேக்கிள் போடுவது அவர்களுக்குச் சாதாரணம். நம்மூர் கபடியில் ரெய்டரைப் பிடிக்கிறார்களே, அதில் பிடிப்பவரும் பிடிபடுபவரும் நூறு கிலோ, இருவருமே ஓடி வருகிறார்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். 80 நிமிஷம்.

உடம்பு கேட்கிற ஆட்டம். சிக்கல் தொடங்குவதும் அங்கேதான். எல்லா உடம்பும் ஒரே வயதில் வளர்வதில்லை.

வட இங்கிலாந்தில் ஆறேழு வயதிலேயே பிள்ளைகள் ஏதாவது ஒரு ஜூனியர் கிளப்பில் சேர்ந்துவிடுவார்கள். அப்பாக்கள்தான் பயிற்சியாளர்கள், அம்மாக்கள் டீக்கடை, சேறு துவைக்கிற வேலை வேறு. பதின்மூன்று பதினான்கு வயதில் சல்லடை வருகிறது. நகர அணி, மாவட்ட அணி என்று தேர்வு நடக்கும். தொழில்முறை கிளப்புகளின் ஆட்கள் கோட்டுக்கு வெளியே நின்று பார்ப்பார்கள். பார்க்கிறவர் கண்ணில் முதலில் படுவது யார்? சந்தேகமே இல்லை, மீசை முளைத்தவன். பதினான்கு வயதில் எண்பது கிலோ இருக்கிற பையன் மற்ற பிள்ளைகளை இடித்துத் தள்ளிக்கொண்டு போவான். அவனைத் தேர்ந்தெடுப்பார்கள். தேர்ந்தெடுத்ததால் அவனுக்கு நல்ல பயிற்சி கிடைக்கும், நல்ல பயிற்சி கிடைத்ததால் அவன் இன்னும் நன்றாக ஆடுவான். 'பார்த்தீர்களா, அன்றைக்கே சொன்னேனே' என்பார்கள்.

இதை ஆராய்ச்சியும் செய்திருக்கிறார்கள். அங்கே ஜூனியர் வயதுப் பிரிவு செப்டம்பர் 1-ல் தொடங்குகிறது. செப்டம்பரில் பிறந்தவனும் அடுத்த ஆகஸ்டில் பிறந்தவனும் ஒரே பிரிவு. கிட்டத்தட்ட ஒரு வருஷ வித்தியாசம். தேர்வு அணிகளில் செப்டம்பர், அக்டோபர், நவம்பர் குழந்தைகள் அளவுக்கு மீறி நிரம்பியிருப்பதை லீட்ஸில் இருந்த ஆய்வாளர்கள் எண்ணிக் காட்டினார்கள். இதை வைத்து எல்லாவற்றையும் விளக்கிவிட முடியாது என்பதும் உண்மை. ஃபாரெல் மே மாதம் பிறந்தவர், பிரிவில் சின்னப் பையன், ஆனாலும் எல்லாரையும் தாண்டினார். பீக்காக் 1977 டிசம்பர், அவருக்குக் காலண்டர் அப்படி ஒன்றும் துரோகம் செய்யவில்லை. அவர் தாமதித்தது காலண்டரால் அல்ல, உடம்பால். சில பேருக்கு உயரம் முதலில் வரும், பலம் நாலு வருஷம் கழித்து வரும். அந்த நாலு வருஷம் பார்க்கிறவர் கண்ணுக்கு அவன் வெறும் ஒட்டடைக் குச்சி.

பீக்காக் ஆடிய ஜூனியர் கிளப் ஸ்டானிங்லி. லீட்ஸின் மேற்கு ஓரம், இன்னும் கொஞ்சம் போனால் பிராட்ஃபோர்டு வந்துவிடும். வீட்டில், தெருவில் எல்லாம் லீட்ஸ் பைத்தியம். ஹெடிங்லி என்றால் நமக்கு டெஸ்ட் மேட்ச்தான் ஞாபகம் வரும். அதே ஹெடிங்லியில் கிரிக்கெட் மைதானத்துக்கு முதுகைக் காட்டிக்கொண்டு ஒரு ரக்பி மைதானம் இருக்கிறது. அதன் தெற்கு ஸ்டாண்டில், உட்கார இடமில்லாத படிக்கட்டில், நின்று கத்துகிற கூட்டத்தில் ஒருவராக வளர்ந்தவர் பீக்காக். அந்தக் கிளப் அவரைக் கூப்பிடவில்லை. தேர்வு அணிகளின் பட்டியல் ஒட்டப்படும்போதும் அவர் பெயர் இருக்காது. சொந்த ஊர், சொந்தக் கிளப், கண்ணெதிரே தெரியும் மைதானம், ஆனால் அழைப்பு இல்லை. இந்தக் கட்டத்தில்தான் பெரும்பாலான பையன்கள் பூட்ஸைக் கழற்றி வைத்துவிட்டு வேறு வேலை பார்க்கப் போகிறார்கள். அவர்கள் கதையை யாரும் எழுதுவதில்லை.

அழைத்தது பக்கத்து ஊர். பிராட்ஃபோர்டு புல்ஸ். அதுவும் பெரிய பூமாலையோடு இல்லை. அகாடமி அணியில் ஓர் இடம், அவ்வளவுதான்.

காலமும் சரியில்லை என்றே சொல்ல வேண்டும். 1996-ல் சூப்பர் லீக் வந்தது. குளிர்கால ஆட்டம் கோடைகாலத்துக்கு மாறியது, தொலைக்காட்சிப் பணம் கொட்டியது, முழுநேரத் தொழிலாக ஆடுகிறவர்கள் பெருகினார்கள். பிராட்ஃபோர்டின் மைதானமான ஆட்சல், குப்பை கொட்டி நிரப்பிய பெரும்பள்ளத்தில் எழுந்தது. 1954-ல் ஒரு மறு இறுதி ஆட்டத்துக்கு 1,02,569 பேர் வந்ததாகக் கணக்கு சொல்லப்படுகிற இடம். 1997-ல் பிராட்ஃபோர்டு சாம்பியன். அப்படிப்பட்ட அணியின் ஃபார்வர்டு வரிசையில், தேர்வு அணிகள் பக்கமே போகாத ஒரு உள்ளூர்ப் பையனுக்கு எங்கே இடம்?

இடமில்லை. ஆகவே 1998-ல் அவரைக் கடன் கொடுத்தார்கள். ஆமாம், கடன்தான். ஆளை இன்னொரு கிளப்புக்குக் கொஞ்ச நாள் கொடுத்து வாங்குவார்கள். போன இடம் ஃபெதர்ஸ்டன் ரோவர்ஸ். ஃபெதர்ஸ்டன் ஒரு சுரங்க ஊர், சுரங்கம் 1985-ல் மூடப்பட்டது. கிளப்பும் இரண்டாம் டிவிஷன். சொகுசு எதுவும் கிடையாது. எதிரே நிற்பவர்கள் பகலில் வேறு வேலை பார்த்துவிட்டு வருகிற முப்பது வயது ஆட்கள். அவர்களுக்கு இருபது வயதுப் பையன் ஒருவன் பெரிய கிளப்பிலிருந்து வந்திருக்கிறான் என்றால் கொஞ்சம் கூடுதல் அன்போடு கவனிப்பார்கள்!

அதற்கப்புறம் இன்னும் தூரம். ஆஸ்திரேலியாவில், சிட்னிக்குத் தெற்கே இருக்கும் இரும்பாலை நகரமான வொல்லாங்காங். அங்கே பல்கலைக்கழகக் கிளப்புக்காக ஆடினார். பெயர் தெரியாத ஊர், யாருக்கும் இவரைத் தெரியாது. 'ஸ்டானிங்லி பையன், எந்த அணிக்கும் தேர்வாகாதவன்' என்று அங்கே யாரும் சொல்ல மாட்டார்கள். இங்கிலீஷ்காரன் என்பதற்காக ஒருமுறை கூடுதலாக இடிப்பார்கள், அவ்வளவுதான். அகாடமியில் நான்கு வருஷம் இருந்தாலும் கிடைக்காத ஒன்று இந்த மாதிரி இடங்களில் கிடைக்கிறது: வளர்ந்த ஆட்களோடு, வாராவாரம், தப்பிக்க வழியில்லாமல் ஆடுவது. பதினாறு வயதில் விகன் முதல் அணியில் ஃபாரெலுக்குக் கிடைத்ததும் அதுதான். பீக்காக்குக்கு அது நாலைந்து வருஷம் தாமதமாக, கைதட்டல் இல்லாமல், உலகத்தின் அடுத்த முனையில் கிடைத்தது.

திரும்பி வந்தார். 1999-ல் பிராட்ஃபோர்டு முதல் அணியில் அறிமுகம், வயது 21. ஃபாரெல் நாட்டுக்குக் கேப்டன் ஆன வயது!

ஆனால் அதற்கப்புறம் யாராலும் நிறுத்த முடியவில்லை. 2001 அக்டோபரில் ஓல்ட் டிராஃபோர்டில் கிராண்ட் ஃபைனல். பிராட்ஃபோர்டு 37, விகன் 6. எதிரணிக் கேப்டன் ஃபாரெல். 2003-ல் பிராட்ஃபோர்டு சேலஞ்ச் கப்பையும் எடுத்தது, லீக்கில் முதலிடத்தையும் எடுத்தது, கிராண்ட் ஃபைனலில் மறுபடி விகனை 25-12 என்று தோற்கடித்தது. அந்த வருஷத்தின் சிறந்த ஆட்டக்காரருக்கான 'மேன் ஆஃப் ஸ்டீல்' விருது பீக்காக்குக்கு. அடுத்த வருஷம் அதே விருது ஃபாரெலுக்கு. ஏணியில் ஏறியவரும் சுவர் ஏறிக் குதித்தவரும் ஒரே மாடியில்.

என்ன மாதிரி ஆட்டக்காரர்? மின்னல் வேகம் கிடையாது. எதிரியை ஏமாற்றுகிற நெளிவு சுளிவு கிடையாது. 70-வது நிமிஷத்தில் எல்லாரும் இடுப்பில் கை வைத்து மூச்சு வாங்கும்போது பந்தைக் கேட்டு ஓடி வருகிற ஆள். பயிற்சியில் எல்லாரும் கிளம்பிய பிறகும் ஓடிக்கொண்டிருப்பவர் என்று பேர். திறமை என்று எதைச் சொல்கிறோம் என்பதையே இது கொஞ்சம் கலைத்துப் போடுகிறது. பதினான்கு வயதுப் பையனின் ஓட்டத்தையும் எடையையும் அளக்கலாம். அலுக்காமல் எழுந்து நிற்கும் குணத்தை எந்த டேப்பால் அளப்பது?

அதற்காகச் சீக்கிரம் தேர்ந்தெடுப்பதே தப்பு என்று முடிவு கட்டவும் முடியாது. ஃபாரெல் மாதிரி ஒருவரை 16 வயதில் இறக்காமல் வைத்திருந்தால் அதுதான் முட்டாள்தனமாக இருந்திருக்கும். தப்பு, தேர்ந்தெடுத்த பிறகு கதவைச் சாத்துவது. பீக்காக் விஷயத்தில் கதவு கொஞ்சம் திறந்திருந்தது, அதுவும் ஏற்பாட்டால் அல்ல, அதிர்ஷ்டத்தால். பக்கத்து ஊர்க் கிளப்புக்கு அகாடமியில் ஓர் இடம் காலி இருந்தது. ஒரு சுரங்க ஊருக்கு ஆள் வேண்டியிருந்தது. ஒரு பல்கலைக்கழகக் கிளப் வெளிநாட்டுப் பையனைச் சேர்த்துக்கொண்டது. இதில் எது விட்டுப்போயிருந்தாலும் லீட்ஸ் தெற்கு ஸ்டாண்டில் நின்று கத்துகிறவர்களில் ஒருவர் கூடியிருப்பார், அவ்வளவுதான்.

2005-ல் ஃபாரெல் ரக்பி லீக்கை விட்டு ரக்பி யூனியனுக்குப் போனார். அந்த வருஷக் கடைசியில் ட்ரை நேஷன்ஸ் தொடரில் பிரிட்டனுக்குத் தலைமை தாங்கியவர் பீக்காக். அதற்குச் சில வாரம் முன்னால்தான் இன்னொரு வேடிக்கை நடந்தது. பிராட்ஃபோர்டுக்காக அவருடைய கடைசி ஆட்டம், கிராண்ட் ஃபைனல். எதிரணி லீட்ஸ். அடுத்த சீசனில் அவர் சேரப் போவதும் லீட்ஸ். சின்ன வயதில் கூப்பிடாத கிளப் 27 வயதில் கூப்பிட்டிருந்தது. கேப்டனாக அந்த ஆட்டத்தை 15-6 என்று ஜெயித்து, புது முதலாளிகளின் கையிலிருந்து கோப்பையைப் பிடுங்கிக்கொண்டு, அதற்கப்புறம்தான் அவர்களிடம் போனார். 2006 நவம்பரில் அவர் தலைமையில் பிரிட்டன் ஆஸ்திரேலியாவை சிட்னியிலேயே 23-12 என்று வென்றது. சிட்னியில் பிரிட்டன் கடைசியாக ஜெயித்தது 1988-ல்.

லீட்ஸுக்காக இன்னும் ஆறு கிராண்ட் ஃபைனல் வெற்றிகள், பிராட்ஃபோர்டின் மூன்றோடு சேர்த்து மொத்தம் ஒன்பது. முழங்கால் தசைநார் கிழிந்ததையும் நடுவில் தாங்கினார். இரண்டாம் வரிசையில் தொடங்கியவர் வயது ஏற ஏற முன்வரிசைக்கு, அதாவது இன்னும் அதிகம் அடி வாங்குகிற இடத்துக்குப் போனார். 2015 அக்டோபர் 10-ல் விகனை 22-20 என்று லீட்ஸ் வென்ற இரவில், 37 வயதில், ஓய்வு பெற்றார்.

பெற்றார் என்று நினைத்தார்கள். ஹல் கே.ஆர். கிளப்பில் நிர்வாக வேலைக்குப் போனவர், 2016-ல் அணியில் காயங்கள் அதிகமாகி ஆள் பற்றாக்குறை வந்ததும், 38 வயதில், மறுபடி பூட்ஸ் கட்டிக்கொண்டு இறங்கினார்.