கவர்னர் வடிவில் ஓர் ஆவி

மருள் வந்து ஆடுபவரைக் கண்டால் நம்மில் பலருக்கு நகைப்பு வரும். "அறியாமை" என்று ஒரு சொல் சொல்லிவிட்டு நகர்ந்துவிடுவோம். நகைப்பு ஒன்றே பகுத்தறிவாகிவிடுமா? ழான் ரூஷ் எனும் பிரெஞ்சுக்காரரின் படமொன்றைக் கண்ட நாள் முதல் இக்கேள்வி நம்மை விட்டபாடில்லை.

ரூஷ், பாலமும் சாலையும் அமைக்கக் கற்ற பொறியாளர். 1941-இல் நைஜர் நாட்டுக்கு வேலையாகச் சென்றார். சாலைத் தொழிலாளர் சிலர் இடி விழுந்து மாண்டனர். அதன் பொருட்டு மூதாட்டி ஒருவர் நடத்திய சடங்கு அவரை ஈர்த்தது. பொறியாளர் ஆராய்ச்சியாளரானார், காமிராவும் ஏந்தினார். 2004-இல் அந்த நைஜரிலேயே சாலை விபத்தில் மறைந்தார்.

அவர் 1954-இல் அக்ரா நகரருகே எடுத்த படம் 'பித்தேறிய எசமானர்கள்'. இன்றைய கானா, அன்று கோல்ட் கோஸ்ட், ஆள்வோர் ஆங்கிலேயர். நைஜரிலிருந்து பிழைப்புத் தேடி வந்த கூலிகள் ஊர்ப்புறத்தே கூடுகின்றனர். வாயில் நுரை தள்ள, ஹௌக்கா எனும் ஆவிகள் இறங்குகின்றன. யார் அவர்கள்? மூதாதையரா? மலைத் தெய்வங்களா? இல்லை! கவர்னர்! தளபதி! ரயில் ஓட்டுபவர்! கவர்னர் சிலையின் தலையில் முட்டையை உடைக்கின்றனர். அடுத்த காட்சியில் மெய்யான கவர்னரின் இறகுத் தொப்பி!

எண்ணிப் பாருங்கள், தோழர்களே! ரயில் வருமுன் ரயிலோட்டும் ஆவி இருந்ததா? 1925-ஐ ஒட்டித் தோன்றியவை இவை. தம்மை ஆட்டிப்படைத்த அதிகாரத்துக்கே மக்கள் ஆவி வடிவம் தந்தனர். தெய்வங்கள் பிறக்கும் கதையை இதைவிடத் தெளிவாக எவர் காட்ட இயலும்?

ஆங்கில ஆட்சி படத்தைத் தடை செய்தது. ஆப்பிரிக்க மாணவர்களும் எதிர்த்தனர். தம் மக்களைக் காட்டுமிராண்டிகளாகக் காட்டுகிறது என்றனர். 1965-இல் செனகல் நாட்டு ஊஸ்மான் செம்பேன், எம்மைப் பூச்சிகளைப் பார்ப்பதுபோல் பார்க்கிறீர் என்று ரூஷிடமே இடித்துரைத்தார். காமிரா எவர் கையில் என்பதும் கேட்க வேண்டிய கேள்வியன்றோ!

மறுநாள் அவர்கள் முகமலர்ச்சியோடு பள்ளம் தோண்டுவதைக் காட்டி, இச்சடங்கு மனநோய்க்கு மருந்தோ என வினவுகிறது படம். ஆறுதல் தந்திருக்கலாம், மறுக்கவில்லை. ஆனால் அதே பள்ளத்துக்கு அவர்களைத் திருப்பியனுப்பும் மருந்தால் நோய் தீருமா? 1950-இல் நிக்ருமா அழைத்த வேலைநிறுத்தமும் புறக்கணிப்பும் வழி திறந்தன. 1957-இல் கானா விடுதலை பெற்றது. முட்டை உடைந்தது சிலைமேல். ஆட்சி அசைந்தது, மக்கள் ஒன்றுபட்டு நின்றபோது!

"ஆடுவது வெறும் நடிப்பா, ஐயா?" என்று வகுப்பில் ஒரு மாணவன் கேட்டான். "அவன் வலி என்னவென்று முதலில் கேள், தம்பி" என்றோம். அவ்வலியின் வேரைத் தேடிப் பறிப்பதே பகுத்தறிவாளர் கடன்.